புள்ளிக்கு வலப்பக்கம்: ஜொகூரின் பாகைகளும் தசமங்களும்

ஜொகூர்க் கரைக்குத் தெற்கே 7.7 கடல் மைல் தொலைவில் ஒரு கருங்கல் தீவு இருக்கிறது. நீளம் 137 மீட்டர், சராசரி அகலம் 60 மீட்டர். மலேசியாவில் அதைப் புலாவ் பத்து பூத்தே என்போம். சிங்கப்பூர் பெட்ரா பிராங்கா என்கிறது. 1851 முதல் அதன்மேல் ஹார்ஸ்பர்க் கலங்கரை விளக்கம் நிற்கிறது. இந்தத் தீவு யாருடையது என்ற வழக்கில் தி ஹேக் நகரின் அனைத்துலக நீதிமன்றம் 2008 மே 23 அன்று தீர்ப்பளித்தது. 12 நீதிபதிகள் ஒரு பக்கமும் 4 பேர் மறுபக்கமும் நிற்க, தீவு சிங்கப்பூருக்குப் போனது. அதற்குத் தெற்கே இருக்கும் நடுப்பாறைகள் மலேசியாவுக்கு வந்தன.

அரசியலை வழக்கறிஞர்கள் நிறையப் பேசிவிட்டார்கள். நான் பேச வந்தது தீர்ப்பில் உள்ள ஒரு வரியைப் பற்றி. தீவின் இருப்பிடம் 1°19'48" வடக்கு, 104°24'27" கிழக்கு என்கிறது அந்த வரி. ஒரு பாகை என்பது 60 கலை, ஒரு கலை என்பது 60 விகலை. இன்றைய கைப்பேசி வரைபடமோ, நில அளவை மென்பொருளோ, ஜாதகம் கணிக்கும் செயலியோ பெரும்பாலும் இந்த வடிவில் எண்ணைக் கேட்பதில்லை; தசம பாகையில்தான் கேட்கிறது. கலையை 60 ஆலும் விகலையை 3600 ஆலும் வகுத்துப் பாகையோடு கூட்டினால் வேலை முடிந்தது. 19ஐ 60 ஆல் வகுத்தால் 0.316667, 48ஐ 3600 ஆல் வகுத்தால் 0.013333. கூட்டினால் 1.33. கிழக்கு எண்ணில் 24 கலை 0.4 ஆகிறது, 27 விகலை 0.0075 ஆகிறது, ஆக 104.4075.

1.33 என்ற விடை பார்க்க அரைகுறையாகத் தெரிகிறது, யாரோ தோராயமாகச் சுருக்கி எழுதியதுபோல. ஆனால் அது மிச்சமில்லாத துல்லிய விடை. 3600 என்ற எண்ணுக்குள் 9 ஒளிந்திருக்கிறது. கலையையும் விகலையையும் மொத்த விகலையாக்கி, அது 9 ஆல் மீதியின்றி வகுபட்டால் மட்டுமே தசமம் ஓரிடத்தில் நிற்கும். இல்லாவிட்டால் 3333 என்றோ 2777 என்றோ முடிவின்றி ஓடும். 19 கலை 48 விகலை என்பது 1188 விகலை. 9 ஆல் வகுபடுகிறது. 24 கலை 27 விகலை என்பது 1467, அதுவும் வகுபடுகிறது. இரண்டும் ஒரே தீவில் அமைந்தது தற்செயல்தான்.

தற்செயலாக வந்த இந்த அழகில் ஒரு பொறியும் உண்டு. விகலை வரை அளந்து சொன்ன நீதிமன்றத்தின் எண்ணை வெறும் 1.33 என்று எழுதினால், படிப்பவர் அதை இரண்டு தசம இடத் துல்லியம் என்றே எடுத்துக்கொள்வார். இரண்டாம் தசம இடத்தில் ஓர் அலகு என்பது 0.01 பாகை, அதாவது 36 விகலை, அதாவது 0.6 கடல் மைல். நடுப்பாறைகள் பத்து பூத்தேயிலிருந்து எவ்வளவு தூரம்? தீர்ப்பே சொல்கிறது: 0.6 கடல் மைல். இரண்டு இடத்தோடு நிறுத்தியவரின் எண்ணில் கடைசி இலக்கம் ஒன்று குறைந்தால் சிங்கப்பூரின் தீவிலிருந்து மலேசியாவின் பாறைக்கு வந்துவிடலாம். அதனால் அந்த எண்ணை 1.3300 என்று நான்கு இடம் வரை எழுத வேண்டும். வெறும் அலங்காரமாகத் தோன்றும் அந்த இரண்டு சுழிகள்தாம் விகலை வரை அளந்திருக்கிறது என்பதைப் படிப்பவருக்குச் சொல்கின்றன.

கடல் மைலும் கலையும் இப்படி ஒட்டிப் போவது ஏற்பாட்டோடு வந்தது. அட்சரேகையில் ஒரு கலைதான் பழைய கடல் மைல். இன்று அது 1852 மீட்டர் என்று நிலைப்படுத்தப்பட்டிருக்கிறது. மலேசியப் பள்ளிகளில் ஐந்தாம் படிவக் கணிதத்தில் பூமியைக் கோளமாகக் கொண்ட ஒரு பாடம் முன்பு இருந்தது. அதைப் படித்த தலைமுறைக்கு இந்த உறவு கையில் நிற்கிறது. அந்தப் பாடம் புதிய பாடத்திட்டத்தில் இடம்பெறாதது எனக்கு வருத்தமே. ஜொகூர் நிலநடுக்கோட்டுக்கு மிக அருகில் இருப்பதால் இங்கே கணக்கு இன்னும் எளிது: அட்சரேகையிலும் தீர்க்கரேகையிலும் ஒரு விகலை ஏறத்தாழ 31 மீட்டர்தான். லண்டனிலோ டெல்லியிலோ தீர்க்கரேகை விகலை சுருங்கிவிடும்.

திரும்பிப் போகும் வழியும் கடினமல்ல. ஜொகூர் கடற்பாலத்தின் நடுவாக்கில் 1.4525 பாகை வடக்கு என்று வைத்துக்கொள்வோம். 0.4525ஐ 60 ஆல் பெருக்கினால் 27.15. முழு எண் 27 கலை, மிச்சம் 0.15ஐ மீண்டும் 60 ஆல் பெருக்கினால் 9 விகலை. ஆக 1°27'09". சுருக்கும்போது மட்டும் ஒரு கவனம் வேண்டும். 103.7666666 என்பதைத் திருப்பினால் 45 கலை 59.99976 விகலை வரும், அதை முழுமைப்படுத்தும் மென்பொருள் சில நேரம் 45'60" என்று அச்சிட்டுவிடுகிறது. அது 46'00" ஆக வேண்டும். முதலில் மொத்தத்தையும் விகலையாக்கி, அதை முழுமைப்படுத்தி, பிறகு பிரித்தால் இந்தப் பிழை வராது.

வகுத்தலில் யாரும் பெரிதாகத் தடுக்கி விழுவதில்லை. எண்ணை எப்படிப் படிப்பது என்பதில்தான் விழுகிறார்கள், தமிழர்களுக்கு அதில் ஒரு தனிக் காரணமும் இருக்கிறது என்று நினைக்கிறேன். நாம் நேரத்தை எழுதும் விதத்தைப் பாருங்கள். அழைப்பிதழில் 'காலை 6.45 மணிக்கு மேல்' என்று அச்சடிக்கிறோம். அந்தப் புள்ளி தசமப் புள்ளி இல்லை; ஆறே முக்கால் மணி என்பதற்கான பிரிப்புக்குறி. பஞ்சாங்கத்தில் நாழிகையும் விநாழிகையும் இப்படியே பக்கத்துப் பக்கத்தில் நிற்கும், அங்கேயும் 60க்கு 60தான் கணக்கு. புள்ளிக்கு வலப்பக்கம் 60இல் எண்ணுவது நம் கைப்பழக்கம். அந்தப் பழக்கத்தோடு 103°45' என்பதை 103.45 என்று தட்டச்சு செய்துவிடுகிறோம்.

அது எங்கே கொண்டுபோய் விடும்? கடற்பாலத்தின் 1°27'09", 103°46'09" என்ற எண்களை 1.2709, 103.4609 என்று எழுதிப் பாருங்கள். சரியான விடை 1.4525, 103.7692. தெற்கே 20 கிலோமீட்டரும் மேற்கே 34 கிலோமீட்டரும் தவறிப்போய், பொந்தியான் மாவட்டக் கரைக்கு அப்பால், கூக்குப்புக்கும் தஞ்சோங் பியாய்க்கும் இடைப்பட்ட கடலில் போய் விழுகிறோம். நேர்கோட்டில் ஏறத்தாழ 40 கிலோமீட்டர் பிழை. இவ்வளவு பெரிய பிழை ஒரு வகையில் நல்லது. வரைபடத்தில் புள்ளி கடலில் விழுந்தால் யாரும் கண்டுபிடித்துவிடுவார்கள். கலை எண் சிறியதாக இருக்கும்போது பிழையும் சிறுத்துக் கண்ணுக்குத் தப்பிவிடும். 103°03' என்பதை 103.03 என்று எழுதினால் பிழை 0.02 பாகைதான், இரண்டு கிலோமீட்டர் சொச்சம். அது நிலத்திலேயே, நம்பத் தகுந்த இடத்திலேயே விழும்.

ஜாதகக் கணக்கில் இந்தப் பிழை வேறு உருவத்தில் வருகிறது. பூமி ஒரு பாகை சுழல 4 நிமிடம். மலேசியாவின் நேரம் 120° தீர்க்கரேகையை ஒட்டியது. ஜொகூர் பாருவோ 103°45' அருகே இருக்கிறது. வித்தியாசம் 16.25 பாகை, அதாவது 65 நிமிடம். அதனால்தான் இங்கே சூரியன் உச்சிக்கு வரும்போது கடிகாரம் பெரும்பாலும் பகல் ஒரு மணியைத் தாண்டியிருக்கிறது. 103.45 என்று எழுதினால் இதில் ஒரு நிமிடம் 12 நொடி பிசகும். ராகுகாலத்துக்கு அது பொருட்டில்லை. ஆனால் 1982 ஜனவரி 1க்கு முன் தீபகற்ப மலேசியாவின் நேரம் கிரீன்விச்சுக்கு ஏழரை மணி முன்னால் இருந்தது, 112.5 பாகைக்கு உரிய நேரம். அந்தக் காலத்தில் பிறந்தவருக்குக் கணிக்கும்போது நேர வித்தியாசத்தைத் தசமத்தில் கேட்கும் செயலியில் 7.5 என்று இடாமல் 7.30 என்று இட்டால் 12 நிமிடம் தவறுகிறது. 12 நிமிடத்தில் லக்கினம் ஏறத்தாழ 3 பாகை நகர்ந்துவிடும். நவாம்சம் ஒன்றின் அகலமே 3 பாகை 20 கலைதான். ஜாதகத்தை நம்புகிறவர், நம்பாதவர் என்ற பேதம் இதில் இல்லை. தந்த எண்ணுக்குச் சரியான விடை வர வேண்டும் என்பது எல்லாருக்கும் பொது.

கடலோடிகளுக்கு மூன்றாவது வடிவம் ஒன்று உண்டு, நிலத்தில் இருப்பவர்கள் அதை மறந்துவிடுகிறார்கள். பாகையும் கலையும் முழு எண்ணாக வந்து, விகலைக்குப் பதில் கலையின் தசமம் வரும். மலேசியாவும் இந்தோனேசியாவும் 1969 அக்டோபர் 27 அன்று கையெழுத்திட்ட கண்டத்திட்டு ஒப்பந்தத்தில் எல்லைப் புள்ளிகள் இப்படித்தான் தரப்பட்டிருக்கின்றன. பத்து பூத்தேக்கு வடகிழக்கே உள்ள 11ஆம் புள்ளி 1°23.9' வடக்கு, 104°29.5' கிழக்கு. இதை 23 கலை 9 விகலை என்று படித்தால் போச்சு. 0.9 கலை என்பது 54 விகலை. வித்தியாசம் 45 விகலை, நிலத்தில் 1.4 கிலோமீட்டர் அளவு. சரியான தசமம் 1.398333, 104.491667.

ஜிபிஎஸ் கருவிகள் தமக்குள் பேசிக்கொள்ளும் மொழியும் இதே வடிவம்தான், அதுவும் குறிகள் ஏதுமின்றி. பத்து பூத்தேமேல் நிற்கும் கருவி 0119.8000, 10424.4500 என்று அனுப்பும். முதல் எண்ணில் 01 பாகை, 19.8 கலை, இரண்டாவதில் 104 பாகை, 24.45 கலை. மெர்சிங்கிலிருந்து புறப்படும் மீன்பிடிப் படகின் திரையில் இது பாகை, கலையாக அழகாகப் பிரிந்து தெரியும். ஆனால் கண்காணிப்புக் கருவிக்கு நிரல் எழுதப் புதிதாக வந்த மாணவர், இது தசம பாகைதான், இரண்டு இடம் மட்டும் தள்ளியிருக்கிறது என்று நினைத்து நூறால் வகுத்துவிடுகிறார். 1.198 பாகை, 104.2445 பாகை என்று வரும். படகு 23 கிலோமீட்டர் தென்மேற்கே, பிந்தான் பக்கத்துக் கடலுக்கு நகர்ந்துவிடும். எல்லைக் கடலில் அது விளையாட்டுக் காரியமில்லை. எந்தக் கடலில் படகு இருந்தது என்பது மீனவர் கைதாவதையும் விடுபடுவதையும் முடிவு செய்யும் கேள்வி.

இந்த அறுபது எங்கிருந்து வந்தது என்ற வரலாறு நீளமானது. இங்கே அதற்கு இரண்டு வரி போதும். பாபிலோனில் தொடங்கி, கிரேக்க வானியல் வழியாகவும் இந்திய வானியல் வழியாகவும் நம் பஞ்சாங்கம் வரை வந்தது. ஹென்றி பிரிக்ஸின் முக்கோணவியல் அட்டவணை 1633இல் வெளிவந்தபோதே பாகையை நூறு நூறாகப் பிரித்திருந்தது. அப்போது அது பரவவில்லை. கணினி வந்த பிறகே தசமம் வென்றது.

எல்லாரும் விட்டுவிடும் பகுதி இனிமேல்தான் வருகிறது. தசமத்துக்கு மாற்றியது சரி, இலக்கங்களும் போதும். ஆனாலும் புள்ளி 200 மீட்டர் தள்ளி விழலாம். சிங்கப்பூருக்கும் ஜொகூருக்கும் இடையிலான கடல் எல்லையை எடுத்துக்கொள்ளுங்கள். 1927 ஒப்பந்தம் அதைச் சொற்களால் சொன்னது: ஆழ்நீர்க் கால்வாயின் நடுவே போகும் கற்பனைக் கோடு. கால்வாய் மாறும், மண் சேரும், கரை நிரப்பப்படும். ஆகவே 1995 ஆகஸ்ட் 7 ஒப்பந்தம் கோட்டை எண்களாக்கியது. கடற்பாலத்துக்குக் கிழக்கே ஒரு வரிசைப் புள்ளிகள், மேற்கே ஒரு வரிசை, எல்லாம் பாகை, கலை, விகலையில். கூடவே ஒரு குறிப்பு: இந்த எண்கள் திருத்திய கெர்த்தாவ் டேட்டத்தையும் மலாயாவின் எவரெஸ்ட் நீள்கோளத்தையும் சார்ந்தவை. அந்தக் குறிப்பு இல்லையென்றால் எண்கள் ஊமை.

டேட்டம் என்பது எண்கள் நிற்கும் தரை. பூமியின் உருவத்தை எந்த நீள்கோளமாகக் கொள்வது, அதை நிலத்தில் எங்கே பொருத்துவது என்ற இரண்டு முடிவுகளும் அதில் அடக்கம். பகாங்கில் உள்ள கெர்த்தாவ் அளவைப் புள்ளியைத் தொடக்கமாகக் கொண்டது பழைய மலாயா டேட்டம். அதில் பயன்பட்ட நீள்கோளம் ஜார்ஜ் எவரெஸ்டின் பெயரைத் தாங்குவது, அதன் வேர் தமிழ்நாட்டில் இருக்கிறது. வில்லியம் லாம்டன் 1802 ஏப்ரலில் சென்னைப் பரங்கிமலை அடிவாரத்தில் சங்கிலி பிடித்து அடிக்கோடு அளந்து தொடங்கிய வேலைதான் பெரிய முக்கோண அளவையாக வளர்ந்தது. 1808இல் தஞ்சைப் பெரிய கோயில் விமானத்தின் மேல் ஏற்றும்போது அவருடைய பெரிய தியோடலைட் கயிறு அறுந்து மோதிச் சேதமானது. அதை உட்கார்ந்து பழுதுபார்த்துத் தொடர்ந்தார். அந்த அளவையிலிருந்து எவரெஸ்ட் 1830இல் பூமியின் உருவத்தைக் கணித்தார். தமிழ் மண்ணில் அளந்த பூமிதான் பின்னாளில் ஜொகூரின் தோட்டங்களுக்கும் லோட்டுகளுக்கும் அடியில் கிடந்தது. ரப்பர்த் தோட்டத்தில் உழைத்த நம் முன்னோர் மிதித்த நிலத்தின் எண்கள் பரங்கிமலையிலிருந்து வந்தவை என்பது தெரிந்தபோது எனக்குச் சிலிர்த்தது.

அந்த நீள்கோளம் ஆசியாவின் இந்தப் பகுதிக்குப் பொருந்தும்படி வெட்டியது. ஜிபிஎஸ் கொள்வதோ பூமி முழுமைக்குமான வேறொரு நீள்கோளம், பூமியின் நிறை மையத்தில் பொருத்தியது. இரண்டுக்கும் ஜொகூரில் கிழக்கு மேற்காக ஏறத்தாழ 200 மீட்டர், 6 விகலைக்கு மேல் வித்தியாசம். கெர்த்தாவ் எண்ணைத் தசமமாக்கி நேரே கைப்பேசியில் இட்டால் 137 மீட்டர் நீளமுள்ள ஒரு தீவு மொத்தமாகத் தண்ணீருக்குள் போய்விடும். இங்கே வகுத்தலில் ஒரு பிழையும் நடந்திருக்காது.

மலேசியாவின் நில அளவை, வரைபடத் துறை 2003இல் ஜிடிஎம்2000 என்ற புதிய டேட்டத்துக்கு மாறியது. தீபகற்பத்தில் நில அளவை வரைபடங்கள் மாநிலத்துக்கு ஒரு தொடக்கப் புள்ளியோடு வரையப்படுகின்றன. ஜொகூரின் பழைய தொடக்கம் குளுவாங் அருகே உள்ள பெலுமுட் மலை. பழைய கணக்கில் அது 2°02'33.30" வடக்கு, 103°33'45.93" கிழக்கு. தசமத்தில் 2.0425833, 103.5627583. ஜிடிஎம்2000இல் ஜொகூருக்குக் குறித்த தொடக்கப் புள்ளியே வேறு; அதன் எண் 2°07'18.04708", 103°25'40.57045". விகலைக்குப் பின் ஐந்து இலக்கம்! கடைசி இலக்கம் நிலத்தில் 0.3 மில்லிமீட்டர். இதைத் தசம பாகையாக்கும்போது ஆறு இடத்தோடு நிறுத்தினால் 11 சென்டிமீட்டர் வரை மங்கிவிடும். ஒன்பது இடமாவது வேண்டும். 2.121679744 என்று எழுதினால்தான் அளந்தவரின் உழைப்பு வீணாகாது. நிலமும் சும்மா இருப்பதில்லை. 2004 டிசம்பர் சுமத்ரா நிலநடுக்கம் லங்காவியைப் பத்து சென்டிமீட்டருக்கும் மேல் நகர்த்தியது, தெற்கே ஜொகூரில் அதைவிடக் குறைவாக. டேட்டத்தையே பிறகு திருத்த வேண்டியதாயிற்று.

எத்தனை இலக்கம் வேண்டும் என்று யாராவது கேட்டால் நான் திருப்பிக் கேட்பது, மூலம் எதுவரை அளந்தது என்பதைத்தான். விகலை வரை அளந்ததற்கு நான்கு தசம இடம், விகலையின் பத்தில் ஒன்றுக்கு ஐந்து, நூறில் ஒன்றுக்கு ஆறு. கைப்பேசி காட்டும் 15 இலக்கத்தையும் நகலெடுத்து ஆவணத்தில் ஒட்டுவதை நான் ஏற்கமாட்டேன். அந்தக் கருவி நின்ற இடத்தை ஐந்து மீட்டருக்குள் சொன்னாலே நல்ல நாள்; மீதி இலக்கங்கள் இல்லாத துல்லியத்தை இருப்பதாகக் காட்டுபவை.

இட எண்களில் மட்டும் இந்தப் பிரச்சினை இல்லை. நிலப் பட்டாவோடு வரும் அளவைத் தாளில் ஒவ்வொரு எல்லைக் கோட்டுக்கும் திசைக்கோணமும் நீளமும் இருக்கும். 45°30' என்ற கோணத்தைக் கணிப்பானில் 45.30 என்று இட்டுச் சைன் எடுத்தால் 0.2 பாகை பிசகு. 500 மீட்டர் நீளத் தோட்ட எல்லையின் மறுமுனையில் அது 1.75 மீட்டர் ஆகும். வேலிச் சண்டைக்கு அது தாராளமாகப் போதும். பள்ளியில் 3, 4, 5 பக்க முக்கோணத்தின் சிறிய கோணத்தை 36.87° அல்லது 36°52' என்று எழுதினால் இரண்டுக்கும் மதிப்பெண் உண்டு, 36.52 என்று எழுதுகிற பிள்ளைக்குக் கணக்கு தெரிந்திருந்தும் மதிப்பெண் போகிறது. கணிப்பானிலேயே பாகை, கலை, விகலைக்கென ஒரு விசை இருக்கிறது. அதைக் காட்டிக் கொடுப்பதோடு நிற்காமல், புள்ளி எப்போது பத்துக்கு, எப்போது அறுபதுக்கு என்பதைப் பிள்ளைகளுக்குச் சொல்லித் தர வேண்டும்.

கடைசியாகக் குறிகளின் கணக்கு. தெற்கும் மேற்கும் தசம வடிவில் கழித்தல் குறி பெறும். ஜொகூர் முழுதும் வடக்கு, கிழக்கு என்பதால் இங்கே இந்தத் தொல்லை எட்டிப்பார்ப்பதே இல்லை. கொஞ்சம் தெற்கே இறங்கினால் வரும். பழைய ஜொகூர்-ரியாவ் அரசின் சுல்தான்கள் இருந்த லிங்கா தீவின் டாயெக் நிலநடுக்கோட்டைத் தாண்டி ஏறத்தாழ 0°12' தெற்கில் இருக்கிறது. கழித்தல் குறியைப் பாகைக் கட்டத்தில் மட்டும் இட்டு, கலையையும் விகலையையும் தனித்தனிக் கட்டத்தில் கூட்டும் அட்டவணை இங்கே தோற்றுவிடும். கழித்தல் சுழியும் சுழிதான் என்று எடுத்துக்கொண்டு 12 கலையைக் கூட்டி 0.2 வடக்கு என்று சொல்லும், தீவு 44 கிலோமீட்டர் வடக்கே போய்விடும். பாகை சுழியாக இல்லாத இடத்திலும் கழித்தல் பாகையோடு கூட்டல் கலையைச் சேர்த்தால் இதே தவறுதான்: 1°30' தெற்கு என்பது -1.5 ஆகாமல் -0.5 ஆகிவிடும். திசையைத் தனிக் கட்டத்தில் எழுத்தாக வைத்து, மூன்று எண்களையும் குறியில்லாமல் கூட்டி முடித்த பிறகு மொத்தத்துக்கும் சேர்த்து ஒரே தடவை குறி இட வேண்டும். அதே வரிசையில் மூலத்தின் பாகை, கலை, விகலையையும் டேட்டத்தின் பெயரையும் அழிக்காமல் விட்டுவைத்தால், பத்தாண்டு கழித்து அந்தத் தாளை எடுப்பவர் எண்ணை மீண்டும் சரிபார்க்க முடியும்.